ம் கொட்டாத நாடு

மாட்டுக்கும் மரத்துக்கும் கதை சொல்லி வைத்தியம் பார்த்த காலம் ஒன்று இருந்தது. அந்தக் காலத்தில், மலையடிவாரத்து நாடு ஒன்றை வெண்கோடன் என்ற ராஜா ஆண்டுவந்தான். சிரிக்காதீர்கள். மாட்டுக்குக் கதையா என்று கேட்கிறவர்கள், முதலில் ஒரு மாட்டிடம் நாலு வார்த்தை பேசிப் பார்த்துவிட்டு வாருங்கள்.

அந்த வைத்தியத்துக்கு உயிர்நாண் சாத்திரம் என்று பெயர். உயிருள்ள எதற்குள்ளும் கண்ணுக்குத் தெரியாத நாண் ஒன்று இருக்கிறது, யாழ் நரம்பு மாதிரி. அது அதிர்ந்துகொண்டே இருந்தால் உடம்புக்கு ஒரு குறையும் வராது. அதிர்வு நின்றால் பசு பாலை மறக்கும், மரம் காய்ப்பதை மறக்கும், மனிதன் சிரிப்பை மறப்பான். நின்றுபோன நாணை மறுபடி அதிரவைக்க ஒரே மருந்து கதை.

கதைவைத்தியர் வந்து கையை வைத்துப் பார்ப்பார். பசுவுக்கு விலாவில், பலாமரத்துக்கு வேரில், மனிதனுக்குத் தொண்டைக்குழியில். பிறகு பொருத்தமான கதையைத் தொடங்குவார். ஊரே சுற்றி உட்கார்ந்து ம் கொட்டும்.

"ஒரு காட்டிலே ஒரு நரி இருந்தது."

"ம்."

"அந்த நரிக்கு வால் இல்லை."

"ம்ம்."

கதை முடிவதற்குள் பசு கன்றைத் தேடிக் கத்தும். அடுத்த பருவத்தில் பலா காய்க்கும். சுரத்தில் கிடந்த பிள்ளை எழுந்து கஞ்சி கேட்கும். அந்தக் காலத்தை நான் பார்த்ததில்லை. ஆனாலும் நினைத்தால் ஏக்கமாகத்தான் இருக்கிறது.

அரண்மனையின் கதைவைத்தியர் பொன்னம்பியார். கெட்டிக்காரர், கைராசிக்காரர். புகழ் கொஞ்சம் தலைக்கேறியிருந்தது, அவ்வளவுதான். ஒருநாள் அவையில் அவர் கதை சொல்லிக்கொண்டிருந்தபோது, உருக்கமான ஓர் இடத்தில் நிறுத்தி மூச்சு வாங்கினார். பின்வரிசையில் யாரோ பலமாக "ம்" என்றார்கள். வைத்தியருக்கு வந்ததே கோபம்.

"அரசே, நான் சொல்லுக்குச் சொல் அளந்து கதை கட்டுகிறேன். இவர்கள் நடுவில் எருமை மாதிரி முக்குகிறார்கள். நாண் அதிர்வது என் கதையால். இந்த இரைச்சல் எதற்கு?" என்றார்.

வெண்கோடன் நல்லவன்தான். ஆனால் எதையும் பாதி கேட்கும்போதே தலையாட்டிவிடுகிற ராஜா. அன்றும் தலையாட்டினான். ஊரெங்கும் பறையறைந்தார்கள். கதை நடுவே யாரும் ம் கொட்டக் கூடாது. மீறிக் கொட்டியவர், எப்பேர்ப்பட்டவரானாலும், கதை சொன்னவர் காலில் நாலு பேர் பார்க்க விழ வேண்டும்.

சனங்கள் வாயை மூடிக்கொண்டார்கள். கொஞ்சம் கொஞ்சமாகப் பசுக்கள் வற்றின. பலாப்பிஞ்சு உதிர்ந்தது. பிள்ளைகள் சவலையாயின. மழையைக் குறை சொன்னார்கள், கிரகத்தைக் குறை சொன்னார்கள், பக்கத்து வீட்டுக்காரியின் கண்ணைக் குறை சொன்னார்கள். காணாமல்போன ம் ஒருவருக்கும் நினைவுக்கு வரவில்லை.

இந்தச் சமயத்தில்தான் அரசி கயற்கண்ணி ஆண்பிள்ளை பெற்றாள். அவள் கடற்கரைப் பெண். பெற்ற கையோடு சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தவள், பிறகு இந்தப் பக்கம் திரும்பவே இல்லை. பேச்சில்லை, மாரில் பாலில்லை. செவிலி கொடுத்த பாலைக் குழந்தை வாயில் வாங்கித் துப்பியது. அதன் அழுகை நாளுக்கு நாள் சின்னதாகிக்கொண்டே வந்தது.

ராஜா பொன்னம்பியாரை அழைத்தான். அவர் அரசியின் தொண்டைக்குழியில் விரல் வைத்து ஆற்றின் கதையைச் சொன்னார். மந்திரிமாரும் தாதிமாரும் வாய் பொத்தி நின்றார்கள். நாண் அசையவில்லை. மான்குட்டியின் கதையைச் சொன்னார். அதுவும் செவிடன் காதில் ஊதிய சங்குதான். கடைசியாக, கடலுக்குப் போன படகுக்காகக் கரையில் காத்திருந்த ஒரு தாயின் கதையைச் சொன்னார்.

அரசியின் உதடு அசைந்தது.

"எங்கள் ஊரில்... கருவாட்டு மேட்டுக்குப் பக்கத்தில் எங்கள் வீடு" என்றாள். நிறுத்தினாள். காத்திருந்தாள். யாரும் ம் கொட்டவில்லை. அதோடு வாயை மூடிக்கொண்டாள்.

பொன்னம்பியாரின் விரல் நுனியில் நாண் ஒருமுறை துடித்து அடங்கியது. அவருக்கு விஷயம் விளங்கிவிட்டது, முகம் தொங்கிப்போயிற்று.

"அரசே, தப்பு என்னுடையது" என்றார். "நாணை அதிரவைப்பது கதை மட்டும் இல்லை. கேட்கிறவர் நெஞ்சிலிருந்து வருகிற ம் தான் அதைத் தொடுகிறது. அரசிக்கு நாம் கதை சொல்ல வேண்டியதில்லை. அவரிடமே ஒரு கதை இருக்கிறது, கேட்கத்தான் ஆளில்லை."

"அப்படியானால் நீரே ம் கொட்டும். உம்மை மன்னித்துவிடுகிறேன்."

"என் ம் பலிக்காது அரசே. யாரிடம் சொல்ல வந்து அந்தக் கதை பாதியில் நின்றதோ, அவர்தான் கொட்ட வேண்டும்."

அது யார் என்று ராஜாவுக்குத் தெரியும். அரசி நிறைமாதமாக இருந்தபோது, அவள் தாய்க்கு உடம்பு மோசம் என்று செய்தி வந்தது. "எங்கள் ஊரில்" என்று தொடங்கியபடி அவனிடம்தான் ஓடிவந்தாள். அவன் வேட்டைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தான். "நிறைசூலி ஆறு தாண்டக் கூடாது" என்று ஒரே வார்த்தையில் முடித்துக் குதிரை ஏறிவிட்டான். அவள் தாய் போய்ச்சேர்ந்தாள்.

ம் கொட்டினால் பெண்டாட்டி காலில் விழ வேண்டும், அதுவும் மந்திரிமார் பார்க்க. ராஜா தயங்கினான். தொட்டிலைப் பார்த்தான். குழந்தை அழ வாயைத் திறந்தது, சத்தம் வரவில்லை. அவன் கட்டிலை ஒட்டித் தரையில் உட்கார்ந்தான்.

"சொல், கயற்கண்ணி. கேட்கிறேன்."

அவள் சுவரைப் பார்த்தபடியே சொன்னாள்.

"அம்மா மீன் காயவைக்கும்போது காக்காய் விரட்ட ஒரு பாட்டுப் பாடுவாள்."

"ம்."

"பாட்டா அது. காக்காயின் ஏழு தலைமுறையையும் இழுத்துத் திட்டுவாள்."

"ம்."

"நான் இங்கே வாக்கப்பட்டு வந்த அன்று, ஆறு வரைக்கும் பின்னாலேயே நடந்து வந்தாள். உனக்குப் பிள்ளை பிறந்தால் முதலில் என் மடியில்தான் போட வேண்டும் என்றாள்."

"ம்."

"அவளைப் பார்க்கப் போகட்டுமா என்று உங்களைக் கேட்டேன். நீங்கள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை."

மூத்த மந்திரி தொண்டையைக் கனைத்தார், போதும் நிறுத்திவிடலாம் என்பதுபோல. ராஜா அவர் பக்கம் திரும்பவில்லை.

"ம்" என்றான். குரல் உடைந்துவிட்டது.

கயற்கண்ணி சுவரை விட்டுத் திரும்பினாள். அவனைப் பார்த்து ஓவென்று அழுதாள். தாய் செத்த நாள் முதல் அழாத அழுகை எல்லாம் சேர்ந்து வந்தது. அழ அழ அவளுடைய மார்ச்சீலை நனைந்தது. தாதி ஓடிப்போய்க் குழந்தையை எடுத்துக் கொடுத்தாள். அது முட்டி முட்டிக் குடித்த சத்தம் அறை முழுக்கக் கேட்டது.

"சட்டம் குடிமக்களுக்குத்தான், அரசே" என்று மந்திரி காதோடு சொன்னார்.

ராஜா கிரீடத்தைக் கழற்றி ஓரமாக வைத்தான். எல்லோரும் பார்க்க அரசியின் காலில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தான்.

"எழுந்து உட்காருங்கள்" என்றாள் அவள். "கதை இன்னும் முடியவில்லை."

பிறர் துயரத்துக்கு ஆயிரம் ஆறுதல் சொல்வதைவிட, அவர்கள் சொல்வதைக் கடைசிவரை காதுகொடுத்துக் கேட்பதே பெரிய மருந்து.