ஜமீன்தார் மென்ற கவளம்

மருதங்குறிச்சி ஜமீன்தார் உண்ணும்போதும் வாய் ஓயமாட்டார். பேச்சுக்கிடையே கவளங்களை விழுங்குவார். ஒருநாள் அவர் முழங்கினார்: "சோறு வெறும் பசை! பட்டம் ஒட்டத்தான் உதவும். பல்லக்குத் தூக்கிகளுக்கு இனி மோர் மட்டும் போதும்."

பல்லக்குத் தூக்கி இருளாண்டி பதறினான். "எசமான், எங்கள் தோளுக்குப் பலமே சோறுதான். அதற்குள் சர்க்கரை ஒளிந்திருக்கிறது."

"சர்க்கரையா? அடேய், வெல்லமோ தேனோ சேர்க்காமல் வெறுஞ்சோற்றை என் நாவில் இனிக்கச் செய். தவறினால் மோரும் கிடையாது!"

இருளாண்டி ஒரு கவளத்தை நீட்டினான். "நான் நூறு எண்ணும்வரை விழுங்காமல், பேசாமல் மெல்லுங்கள்."

ஜமீன்தார் மென்றார். அரண்மனையில் அப்படியோர் அமைதியை எவரும் கேட்டதில்லை. பத்தாண்டுகளாகப் பாதி வாக்கியத்தோடு நின்றுபோன காரியஸ்தர், தெருக்கிணற்றைத் தூர்வாரும் விண்ணப்பத்தை முழுதாகச் சொல்லி முடித்துவிட்டு ஆனந்தக் கண்ணீர் வடித்தார். இருளாண்டியும் எண்ணுவதில் அவசரம் காட்டவில்லை.

எண்பதில் ஜமீன்தாரின் விழிகள் விரிந்தன. சோற்றின் மாவுச்சத்து, உமிழ்நீரில் ஊறிச் சர்க்கரையாக மாறத் தொடங்கியிருந்தது.

"இனிக்கிறதடா! இத்தனை நாள் எனக்கு ஏன் இனிக்கவில்லை?"

"எங்களுக்குக் கிடைப்பது கொஞ்சம், எசமான், அதனால் நெடுநேரம் மெல்லுவோம். தங்கள் வாயிலோ, அது இனிப்பதற்குள் பேச்சு முந்திக்கொள்கிறது."

சுற்றியிருந்த சபை சிரிப்பில் குலுங்கியது. ஜமீன்தாரும் சிரித்துவிட்டு, பல்லக்குத் தூக்கிகளுக்கு மீண்டும் சோறு போட உத்தரவிட்டார்.

அப்போது அந்தப்புரத்திலிருந்து பணிப்பெண் ஓடிவந்தாள். "இருளாண்டியண்ணே, நாளைக்கும் நீங்களே எண்ண வேண்டுமாம். ஆயிரம் வரைக்கும் எண்ணச் சொன்னார் ராணியம்மா!"