சூரியனுக்குக் கிடைக்காத வேர்க்குருப் பொடி

அந்தக் காலத்தில் சூரியன் இப்போது மாதிரி உயரத்தில் போகவில்லை. பனைமரத்துக்கு மேலே நாலு முழம், அவ்வளவுதான். நிமிர்ந்து கூப்பிட்டால் அவருக்குக் கேட்கும். அவர் பெருமூச்சு விட்டால் நமக்குக் கேட்கும். புல் பேசும், மரம் பேசும், ஆடு மாடெல்லாம் பேசும். ஆனால் சித்திரை பிறந்துவிட்டால் யாரும் பேசுவதில்லை. அந்தப் புழுக்கத்தில் வாயைத் திறக்க யாருக்கு ஐயா தெம்பு இருக்கும்? சொல்கிற எனக்கே இப்போது இல்லை. ஆரம்பித்துவிட்டேன், சொல்லி முடித்துவிடுகிறேன்.

கடலோரத்து உப்பளம் ஒன்றில் சடைச்சி என்று ஒருத்தி இருந்தாள். அவள் புருஷன் மாசானம். இரண்டு பேருக்கும் உப்பு வாருவதுதான் வேலை. பாத்தி கட்டி, தண்ணீரைப் பாய்ச்சி, வெயிலுக்குக் காட்டி, விளைந்த உப்பை வாரிக் குவிக்க வேண்டும். உப்பளத்தில் மரம் நிற்காது. கண்ணுக்கு எட்டிய மட்டும் வெள்ளை வெளேர் என்று கிடக்கும். அதன் ஓரத்தில் ஓலைக் குடிசை. குடிசைக்குள் அவர்களுடைய ஏழு மாதக் குழந்தை முப்பிடாதி.

அந்த வருஷம் குழந்தைக்கு வேர்க்குரு வந்தது. முதலில் கழுத்து மடிப்பில் நாலைந்து சிவப்புப் புள்ளி. மறுநாள் அக்குளில். அதற்கு மறுநாள் முதுகு முழுவதும் கடுகைக் கொட்டிவிட்டது மாதிரி ஆகிவிட்டது. பிள்ளை கத்தியது பாருங்கள், அப்படி ஒரு கத்தல். தொட்டிலில் போட்டால் முதுகு எரியும். தோளில் போட்டால் கழுத்து எரியும். எட்டு நாளாகத் தூக்கம் இல்லை. பாலையும் ஒழுங்காகக் குடிக்கவில்லை. நாலு உறிஞ்சு உறிஞ்சும், உடனே அரிப்பு வந்து முகத்தைத் திருப்பிக்கொண்டு அழும். கொழுகொழு என்று இருந்த பிள்ளைக்கு விலா எலும்பு தெரிய ஆரம்பித்துவிட்டது.

சடைச்சி கிணற்றுத் தண்ணீரை ஊற்றிப் பார்த்தாள். அந்தப் பக்கத்துக் கிணற்றில் உப்புத் தண்ணீர்தானே? அது பட்டதும் இன்னும் எரிந்தது. பிள்ளையின் கத்தலைக் கேட்டு அவளும் சேர்ந்து அழுதாள்.

அவளுக்கும் எட்டு நாளாகத் தூக்கம் கிடையாது. பாத்தியில் நின்றபடியே கண் சொருகும். உப்பு வாரும் பலகை கையிலிருந்து நழுவும்.

"ஏளா, விழுந்து தொலைக்காத," என்றான் மாசானம். "உன்னையும் நான் தூக்கிக்கிட்டுத் திரிய முடியாது."

"விழுந்தாலாவது ஒரு நாழி கண்ணை மூடலாமே," என்றாள் சடைச்சி.

பிறகு பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு ஓடைக்கரைக்கு நடந்தாள். அங்கேதான் அந்தப் புல் நின்றது. இப்போது நாம் வெட்டிவேர் என்கிறோமே, அந்தப் புல். அந்தக் காலத்தில் அதற்கு மணமெல்லாம் இலையில்தான். அந்தப் பக்கம் போனாலே உடம்பு குளிரும். காற்று அதனிடம் வந்து உட்கார்ந்து ஊர்க்கதை பேசிவிட்டுப் போகும். வேரோ வெறும் நார். யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள்.

"அக்கா, பிள்ளையைப் பாரு," என்றாள் சடைச்சி. வேறு எதையும் அடுக்கிச் சொல்ல அவளுக்குத் தெம்பு இல்லை.

புல் குழந்தையின் முதுகைப் பார்த்தது. "ஐயோ பாவமே! இம்புட்டு நாளும் என்ன செஞ்சுக்கிட்டு இருந்த? என்னை அறுத்துக்கிட்டுப் போ. வேப்பங்கொழுந்து கொஞ்சம் பறிச்சுக்கோ. பச்சைப்பயறு வீட்டுல இருக்கா? மூணையும் நல்லாக் காயவச்சு இடிச்சு, மெல்லிசு துணியில சலிச்சுப் பூசு. ஈரத்தோட அரைச்சுப் பூசிராத. மடிப்புல தங்கிப் புளிச்சுப் போகும், புள்ளைக்கு ஆகாது."

சடைச்சி ஒரு கட்டு அறுத்துக்கொண்டு வந்தாள். வழியில் வேப்பமரத்தைக் கேட்டுக் கொழுந்தும் பறித்துக்கொண்டாள். இனிமேல் நடந்ததுதான் தப்பு. உப்பளத்துக்காரர்களைத் தவிர வேறு யாரும் அந்தத் தப்பைச் செய்திருக்க மாட்டார்கள்.

அவர்களுக்குக் காய வைப்பது என்றால் ஒரே வழிதான் தெரியும். பாத்தியில் பரப்பு, வெயிலுக்குக் காட்டு. உப்பு அப்படித்தான். மீன் அப்படித்தான். துணியும் அப்படித்தான். "நம்ம பாத்தியில போட்டா ஒரே நாள்ல சருகாயிரும்," என்று மாசானமே ஒரு காலிப் பாத்தியைக் கூட்டிச் சுத்தம் செய்து கொடுத்தான். பாவம், அவனும் பிள்ளைக்காகத்தான் செய்தான்.

மாலையில் போய்ப் பார்த்தால் காய்ந்துதான் கிடந்தது. ஆனால் மணம் இல்லை. எடுத்து மோந்து பார்த்தாள், வைக்கோல் வாடை. பரவாயில்லை என்று இடித்துச் சலித்துப் பூசினாள். உமியைத் தேய்த்தது போல இருந்திருக்கும், பிள்ளை வீல் என்று கத்தியது.

'பத்தவில்லை போல' என்று நினைத்துக்கொண்டு, மறுநாள் இன்னும் பெரிய கட்டாக அறுத்து வந்து பரப்பினாள். யாரோ மணத்தைத் திருடுகிறார்கள் என்று அவளுக்கு ஒரு சந்தேகம். ஆகவே பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு, தலையில் முக்காட்டை இழுத்துவிட்டு, பாத்தி வரப்பிலேயே காவல் உட்கார்ந்தாள். உச்சிப்பொழுது ஆனது. கண் தானாக மூடியது. திடுக்கிட்டு விழித்துப் பார்த்தால், சூரியன் குனிந்து நின்று தன் இரண்டு கையையும் அந்தப் புல் மேல் அழுத்தி வைத்திருக்கிறார்!

சடைச்சிக்கு எங்கிருந்துதான் அந்தக் குரல் வந்ததோ! "அட பாவி மனுஷா! நீரு நல்லா இருப்பீரா? பச்சைப் பிள்ளைக்கு வச்சிருக்கிற மருந்தைத் திருடுதீரே, உமக்கு வெக்கமா இல்லையா?"

சூரியன் வெடுக்கென்று கையை எடுத்துக்கொண்டார். புல் அதற்குள் வெளுத்துப் போயிருந்தது.

"திருடல தாயி," என்றார். "சும்மா தொட்டேன். குளுகுளுன்னு இருந்துச்சு, தொட்டேன். நான் தொட்டதும் அது போயிருது. எனக்கும் ஒண்ணும் மிஞ்சல."

"உமக்கு எதுக்கு அது?"

சூரியன் மெதுவாகத் திரும்பி முதுகைக் காட்டினார். முதுகு பூராவும் வேர்க்குரு! ஒவ்வொன்றும் புளியங்கொட்டை பெரிசு. சிவந்து, பழுத்து, சொறிந்த இடமெல்லாம் புண்ணாகிக் கிடந்தது. சடைச்சி பார்க்க மாட்டாமல் கண்ணைச் சுருக்கிக்கொண்டாள்.

"பொறந்ததுல இருந்து நடக்கேன்," என்றார் சூரியன். "ஒரு மரத்தடியில உட்கார்ந்தது இல்ல. உட்காரலாம்னு கிட்டப் போவேன். நான் போய்ச் சேரும்போது அங்க நிழல் இருக்காது. கடல்ல முங்கிப் பாக்கேன், அங்கயும் உப்பு. புண்ணுல உப்புத் தண்ணி பட்டா எப்படி இருக்கும்னு உனக்கு நான் சொல்லணுமா?"

சண்டை போட வந்தவளுக்குச் சண்டையே வரவில்லை. அப்படியே வரப்பில் உட்கார்ந்துவிட்டாள். மடியில் பிள்ளை முனகியது. கத்துவதற்கும் அதற்குச் சத்து குறைந்துகொண்டே வந்தது. அதுதான் அவளுக்குப் பயத்தை உண்டாக்கியது.

"உமக்கும் எம் பிள்ளைக்கும் ஒரே சீக்கு," என்றாள். "ஆனா நீரு தாங்குவீரு. இது தாங்காது. ஒரு நாலு நாளைக்கு இந்தப் பக்கம் வராம இரும்."

"நான் வராட்டா உப்பு விளையாதே. உப்பு விளையலேன்னா நீங்க என்னத்தச் சாப்பிடுவீங்க?" சூரியன் குனிந்து பிள்ளையைப் பார்த்தார். பிறகு, "எனக்குத் தெரியாத இடமாப் பாத்து வச்சுக்கோ, தாயி. கண்ணுல பட்டா என் கை தானா நீளுது. நான் நல்லவன்னு நம்பி எதையும் வெளிய வச்சிராத," என்று சொல்லிவிட்டு மேற்கே நடந்தார்.

சடைச்சி மறுபடியும் ஓடைக்கரைக்கு வந்தாள். இரண்டு தடவை அறுத்ததில் புல் கட்டையாக நின்றது. நடந்ததைச் சொன்னாள்.

"அதான் சேதியா!" என்றது புல். "நானும் பகல் முழுக்க அவரு கண்ணு முன்னாலதான் நிக்கேன். உம் பாத்தியில குளிர்ச்சி கண்டதுல இருந்து, மிச்சம் இருக்கிற இலையிலயும் பாதி மணத்தைத் தொட்டுத் தொட்டுத் தீத்துட்டாரு. இப்படியே போனா உனக்கும் கிடைக்காது, எனக்கும் இருக்காது." தன் தூரைக் குனிந்து பார்த்தது. "அவரு பார்க்காத இடம் எங்கிட்ட ஒண்ணே ஒண்ணுதான் இருக்கு. மண்ணுக்குள்ள. அம்புட்டையும் வேருக்கு இறக்கிருதேன்."

"இறக்கிட்டா நான் எப்படி அக்கா எடுப்பேன்?"

"தோண்டித்தான். தூரோட பிடுங்கு. வேரை அறுத்துக்கிட்டு, தூரை மட்டும் ஈரத்துல திரும்ப ஊனிட்டுப் போ. பிழைச்சா பிழைச்சுக்கிடுதேன்."

"உனக்கு வலிக்காதா?"

"வலிக்கத்தான் செய்யும். இலையில மணம் இல்லன்னா இனிமே காத்தும் எங்கிட்ட உட்கார்ந்து பேசாது. என்ன செய்ய? உம் பிள்ளை முகத்தைப் பாத்துட்டேனே. போ போ, வழவழன்னு பேசிக்கிட்டு நிக்காத. எனக்கு மனசு மாறுறதுக்குள்ள தோண்டு."

புல் கண்ணை மூடிக்கொண்டு மூச்சை உள்ளே இழுத்தது. நுனி இலையிலிருந்து மணம் இறங்கி இறங்கி மண்ணுக்குள் போயிற்று. சடைச்சி பிள்ளையைக் கரையில் கிடத்திவிட்டு, அழுதுகொண்டே தோண்டினாள். வேர் கைக்கு வந்ததும் அந்த இடமே மணத்தது. சொன்னபடி வேரை அறுத்துக்கொண்டு, தூரை ஈர மண்ணில் ஊன்றி, காலால் மிதித்து இறுக்கினாள்.

வேரையும் புதிதாகப் பறித்த வேப்பங்கொழுந்தையும் கொண்டுவந்து குடிசையின் இருட்டு மூலையில் துணியை விரித்து உலர்த்தினாள். மாசானத்துக்குச் சிரிப்பு வந்தது. "நிழல்ல எவளாவது காய வைப்பாளா? பூசணம்தான் பிடிக்கும். உனக்குத் தூக்கம் இல்லாம மூளை கலங்கிட்டு."

"கலங்குனா கலங்கிட்டுப் போகுது. நீங்க அந்த ஓலைக் கதவைச் சாத்துங்க, வெயில் வருது."

வெயிலில் ஒரு நாளில் காய்வது நிழலில் நாலு நாள் ஆனது. அந்த நாலு நாளை எப்படித் தள்ளினாள் என்று கேட்காதீர்கள். ஒரு கையால் பிள்ளைக்கு விசிறுவாள், மறு கையால் வேரைப் புரட்டிவிடுவாள். பூசணம் பிடித்திருக்கிறதா என்று மோந்து மோந்து பார்ப்பாள். மூன்றாம் நாள் பிள்ளை பாலை அறவே வேண்டாம் என்று தள்ளியது. ஈரத்தோடு அரைத்துப் பூசிவிடலாமா என்று அம்மி வரைக்கும் எடுத்துக்கொண்டு போய், புல் சொன்னது ஞாபகம் வந்து திரும்ப வைத்தாள்.

நாலாம் நாள் வேரை ஒடித்துப் பார்த்தாள். படக் என்று ஒடிந்தது. மணம் அப்படியே இருந்தது. பச்சைப்பயற்றோடு சேர்த்து இடித்தாள். மெல்லிய வேட்டித் துணியில் சலித்தாள். ஒரு திப்பியாவது இருந்தால் பிள்ளைக்குக் குத்துமே என்று மறுபடியும் சலித்தாள். பிள்ளையைக் குப்புறப் போட்டு, கழுத்து மடிப்பில், அக்குளில், முதுகில் எல்லாம் மெதுவாகத் தூவித் தடவினாள்.

முப்பிடாதி ஒரு தடவை விசும்பினாள். பிறகு சத்தமே இல்லை.

சடைச்சிக்கு உயிர் போய்விட்டது. பதறிப்போய் மூக்கில் விரலை வைத்துப் பார்த்தாள். சூடாக மூச்சு வந்தது. பிள்ளை வாயைத் திறந்துகொண்டு தூங்கியது. "தூங்குதுங்க," என்றாள் புருஷனிடம். "ஐயோ, எம் பிள்ளை தூங்குதுங்க." அவன் வந்து எட்டிப் பார்த்தான். அவள் தலையில் கையை வைத்துவிட்டுப் போனான்.

அப்போது வாசலில் வெளிச்சம் கூடியது. சூரியன் வந்து நின்றார். அவருக்கும் மணம் எட்டிவிட்டது. உள்ளே வரவில்லை, கதவுச் சந்தில் மூக்கை மட்டும் வைத்துக்கொண்டு நின்றார்.

சடைச்சி ஒரு பிடி பொடியை உள்ளங்கையில் எடுத்து மூடிக்கொண்டு எழுந்தாள். "திரும்பி நில்லும், சூரியனாரே. ஒரு நொடியில பூசிவிட்டிருதேன்."

"வேண்டாம் தாயி," என்றார் சூரியன். "நீ வெளிய வந்து கையைத் திறந்ததும் அது வெறும் தூசியாப் போயிரும். பிள்ளைக்கு வச்சுக்கோ. நாளைக்கும் வேணும்ல?"

"அப்ப உமக்கு?"

"எனக்கு யாரு பூச முடியும்?" என்று கேட்டுவிட்டு அவர் மேலே ஏற ஆரம்பித்தார். ஆசைப்பட்டு மறுபடியும் கையை நீட்டிவிடுவோமோ என்று அவருக்கே தன் மேல் பயம். பனைமரத்தைத் தாண்டி, மேகத்தைத் தாண்டி, நாம் கூப்பிட்டால் கேட்காத உயரத்துக்குப் போய்விட்டார். சடைச்சி மூடிய கையோடு வாசலுக்குள்ளேயே நின்றாள். ஓடைக்கரைப் புல் பத்து நாளில் துளிர்த்தது, அதன் இலையில் மணம் திரும்பவில்லை.

அன்று முதல்தான் வெட்டிவேருக்கு மணம் மண்ணுக்கடியில் இருக்கிறது. வேர்க்குருப் பொடிக்கு எடுக்கிற இலையையும் வேரையும் நாம் வெயிலில் போடாமல் நிழலில் உலர்த்துவதும் அன்று முதல்தான். பூசிவிட ஆள் இல்லாத சூரியன் மட்டும், சித்திரை வந்தால் அரிப்புத் தாங்க மாட்டாமல் கொஞ்சம் கீழே இறங்கி, ஒவ்வொரு வீட்டுக் கதவுச் சந்திலும் மூக்கை வைத்துக்கொண்டு நிற்கிறார்.