ஆளுக்குப் பின்னால் ஆள்

இலங்கைத் தேசியக் கால்பந்து அணியின் கோல்கீப்பர் பெனடிற் குரூஸை எல்லோரும் சாமி என்றுதான் கூப்பிட்டார்கள். அவர் ஒன்றும் காவி கட்டியவர் இல்லை. மன்னார் பேசாலைக்காரர், மீன் குழம்பு இல்லாமல் அவருக்குச் சோறு இறங்காது. பேச்சு மட்டும் குறைவு. கேள்வி கேட்டால் பதிலாக எதையாவது செய்து காட்டுவார், அல்லது எழுந்து போய்விடுவார். இப்படிப்பட்ட மனிதருக்கு நம் ஆட்கள் வேறு என்ன பெயர் வைப்பார்கள்?

அந்தச் சாமிக்கு ஒரு சீடன் வந்து வாய்த்தான். யாரும் சேர்த்துவிடவில்லை. கொழும்பில் நடந்த பயிற்சி முகாமில் இருவருக்கும் ஒரே அறை கிடைத்தது, அவ்வளவுதான். அவன் பெயர் நிருஷன். ஜெர்மனியில் பிறந்து வளர்ந்தவன். அங்கே மூன்றாம் பிரிவுக் கழகம் ஒன்றில் சம்பளத்துக்கு ஆடுகிற நடுக்கள ஆட்டக்காரன். பிறந்த நாட்டின் குடியுரிமையோடு, பெற்றோர் விட்டு வந்த நாட்டின் குடியுரிமையும் இப்போது அவனிடம் இருந்தது. இலங்கைச் சட்டையில் அவன் ஆடப்போகும் முதல் ஆட்டம் நாளை மறுநாள்.

அவனுக்குப் பயம். 

இந்த அணியில் சேரக் கையெழுத்துப் போடுவதற்கு முன் அப்பாவிடம் கேட்டிருந்தான். “உன்ர விருப்பம்” என்றார் அவர். ஜெர்மன் மொழியில் யோசித்துப் பழகிய பிள்ளை, அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டான். நம் வீடுகளில் அந்த இரண்டு சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று பால்குடிக்கும் தெரியும். எல்லாம் முடிந்த பிறகுதான், அப்பா சரியாகச் சாப்பிடுவதில்லை என்று அம்மா தொலைபேசியில் சொன்னாள். உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு அந்த நாட்டைவிட்டு ஓடிவந்தவர் அவர். ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் அவனுக்கு எவ்வளவோ ஆறுதலாக இருந்திருக்கும்.

போதாததற்குக் கைப்பேசி வேறு. அவனுடைய படத்துக்குக் கீழே சிலர் துரோகி என்று எழுதினார்கள். வேறு சிலர் வாடகைக்கு வந்தவன் என்று எழுதினார்கள். ஜெர்மனியில் கழகம் வென்றால் நம்ம பையன், தோற்றால் அந்த இலங்கைக்காரன். இங்கே பயிற்சியில் பந்து தவறினால், ஜெர்மன்காரன் என்று ஒரு சிரிப்பு. இரண்டுங்கெட்டான் என்ற சொல் அவனுக்குத் தெரியாது. தெரியாமலே அப்படி இருந்தான்.

உள்ளதைச் சொன்னால், அது அவனுக்குக் கொஞ்சம் வசதியாகவும் இருந்தது. அங்கே சறுக்கினால், இவர்களுக்கு என்னைப் பிடிக்காது என்று நினைத்துக்கொள்வான். இங்கே சறுக்கினால், இந்தத் தரையில் யார்தான் ஆடுவது என்று முணுமுணுப்பான்.

அன்று காலை அணியை இரண்டாகப் பிரித்துப் பயிற்சி ஆட்டம் வைத்தார்கள். பந்து சாமியின் காலில் இருந்தது. அவர் அதை நடுக்களத்துக்குத் தள்ள வேண்டும், நிருஷன் வாங்கித் திரும்ப வேண்டும். அணியின் திட்டமே அதுதான்.

நடுக்களத்தில் ஆடுகிறவர்களுக்கு ஒரு களவு வேலை தெரியும். எதிரணி ஆள் ஒருவனுக்கு நேர் பின்னால் நின்றுகொள்வது. பக்கவாட்டிலிருந்து பார்க்கிற பயிற்சியாளருக்கு, ஆள் சரியான இடத்தில் நிற்பதுபோலத் தெரியும். கையைக்கூட உயர்த்திப் பந்து கேட்கலாம். ஆனால் கோல்கீப்பரிடமிருந்து அந்த இடத்துக்குப் பந்து போக வழியே கிடையாது. பந்து வராவிட்டால் தவறும் வராது.

நிருஷன் அப்படித்தான் நின்றான், கையையும் உயர்த்தினான்.

சாமி பார்த்தார். பந்தைக் காலடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தார். எதிரணியின் இசுரு பாய்ந்து வந்தான். சாமி இன்னும் காத்திருந்தார். இசுரு பந்தைப் பறித்து வெறும் கோலுக்குள் தட்டிவிட்டான்.

பயிற்சியாளருக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. நிருஷன் கை காட்டிக்கொண்டு நிற்கிறானே, உமக்குக் கண் தெரியவில்லையா என்று எல்லார் முன்னாலும் சாமியைக் கேட்டார். வயதாகிவிட்டது, நாளை மறுநாள் இளைய கோல்கீப்பரை இறக்கிவிடுகிறேன் என்றும் சொன்னார். சாமி வாய் திறக்கவில்லை. நிருஷனும் திறக்கவில்லை. 

மாலையில் சாமி கட்டிலில் உட்கார்ந்து கையுறைகளைத் துடைத்துக்கொண்டிருந்தார். நிருஷன் அறைக்குள் அங்குமிங்கும் நடந்தான். கடைசியில் கேட்டுவிட்டான்.

“அண்ணை, நான் எந்தப் பக்கம் நிண்டா ஒருத்தரும் என்னை ஏச மாட்டினம்?”

சாமி தலை நிமிரவில்லை. கையுறைகளை எடுத்து அவன் கட்டிலில் போட்டார்.

“நாளைக்குக் காலமை இதைப் போட்டுக்கொண்டு வா” என்றார்.

மறுநாள் மற்றவர்கள் வருமுன்னரே அவனைக் கூட்டிப்போய் கோலில் நிறுத்தினார். இசுருவையும் இன்னொரு முன்கள ஆட்டக்காரன் ஷஃப்ராஸையும் ஏற்கெனவே வரச் சொல்லியிருந்தார். பந்தை நிருஷனின் காலடியில் வைத்து, கையால் தொடக்கூடாது, காலால் எனக்குத் தா என்று சொல்லிவிட்டு நடுக்களத்துக்குப் போனார். ஷஃப்ராஸின் முதுகுக்குப் பின்னால் போய் நின்றார். ஒரு கையை மட்டும் உயர்த்தினார்.

இசுரு ஓடிவரத் தொடங்கினான்.

நிருஷன் தேடினான். ஷஃப்ராஸ் தெரிந்தான், அவன் தலைக்கு மேலே ஒரு கை தெரிந்தது, வேறொன்றும் தெரியவில்லை. பின்னால் அகலமாக வெறும் கோல். இப்படியொரு தனிமை மைதானத்தில் இருக்கும் என்று அவனுக்கு அதுவரை தெரியாது. இசுரு மூச்சு கேட்கிற தூரத்துக்கு வந்துவிட்டான்.  நிருஷன் கத்தினான். முதலில் ஜெர்மனில், பிறகு தமிழில்.

இசுரு தட்டிய பந்து அவனைக் கடந்து கோலுக்குள் போயிற்று.

சாமி நடந்து வந்தார்.

“என்ன கத்தினாய்?”

“வெளிய வாங்கோ எண்டு.”

“முதல்ல ஏதோ வேற பாஷையில கத்தினாய்.”

“அதுவும் அதுதான்.”

“ரெண்டிலயும் ஒண்டைத்தான் கேட்டிருக்கிறாய்” என்றார் சாமி.

நிருஷன் கையுறைகளைக் கழற்றினான்.  பிறகு, நேற்று நான் வேண்டுமென்றேதான் பின்னால் நின்றேன் என்றான். தெரியும் என்றார் சாமி. ஏன் பயிற்சியாளரிடம் சொல்லவில்லை என்று கேட்டான்.

“நீ சொல்ல வேண்டியதை நான் சொல்லியிருந்தா, நீ எனக்குப் பின்னாலயும் போய் ஒளிஞ்சிருப்பாய்.”

அணி மைதானத்துக்கு வந்து சேர்ந்தது. நிருஷன் நேரே பயிற்சியாளரிடம் போனான். போகும்போதே திரும்பி ஓடிவிடலாமா என்று இருந்தது. உண்மையைச் சொன்னால் சட்டையைப் பிடுங்கிக்கொண்டு ஜெர்மனிக்கே அனுப்பிவிடுவார்கள், அப்பாவைப் பட்டினி போட்டதற்குக்கூட அர்த்தமில்லாமல் போய்விடும் என்று நினைத்தான். நினைத்துக்கொண்டே சொல்லிவிட்டான், எல்லார் முன்னாலும். இந்த முறை யாரும் ஜெர்மன்காரன் என்று சிரிக்கவில்லை. பயிற்சியாளர் அவனை மேலும் கீழும் பார்த்தார். நாளை சாமியும் நீயும் இறங்குகிறீர்கள், இன்னொரு முறை ஒளிந்தால் உனக்கு இந்த அணியில் வேலையில்லை என்றார்.

சொன்ன பிறகு பயம் போய்விடும் என்று அவன் எதிர்பார்த்திருந்தான். போகவில்லை, கூடிவிட்டது. இனி ஒளியவும் முடியாது.

ஆட்டத்தன்று இரு அணிகளும் மைதானத்துக்குப் போகும் குறுகலான வழியில் வரிசையாக நின்றன. மேலே கூட்டம் மிதித்த மிதியில் கூரை அதிர்ந்தது. என்ன கத்துகிறார்கள் என்று நிருஷனுக்கு விளங்கவில்லை. தன்னைப் பற்றித்தான் என்று தோன்றியது. ஜெர்மனியில் அந்த நேரம் அப்பா தொலைக்காட்சியின் முன்னால் இருப்பாரா, அணைத்துவிட்டுப் போயிருப்பாரா என்பதும் தெரியவில்லை. 

வரிசையில் அவனுக்கு முன்னால் நின்றவர் சாமி.

“அண்ணை.”

சாமி திரும்பினார்.

“பயம் போகேல்ல அண்ணை. ஒண்டுமே மாறேல்ல. கால் ரெண்டும் என்ர கால் மாதிரியே இல்ல.”

நடுவர் பந்தைக் கையில் எடுத்தார். வரிசை நகரத் தொடங்கியது. சாமி கையுறையை இழுத்து இறுக்கிக்கொண்டே சொன்னார்.

“யார் உன்னைப் பயப்பட வேண்டாமெண்டது? பயப்படு. எனக்குத் தெரியிற இடத்தில நிண்டு பயப்படு.”