யாருக்கும் சொந்தமில்லாத பள்ளம்

ஒரு காட்டில் என்று தொடங்கத்தான் எனக்கும் ஆசை, குழந்தைகளே. ஆனால் இந்தக் கதையில் மூன்று காடுகள் இருக்கின்றன. அதிலும் முக்கியமான சங்கதி அந்த மூன்றிலும் நடக்கவில்லை. வினையே அதுதான்.

இலுப்பைக்காடு, மூங்கில்காடு, வேலங்காடு என்று அக்கம்பக்கத்தில் மூன்று சின்னக் காடுகள். மூன்றும் ஏழைக் காடுகள். இலுப்பைக்காட்டில் பழம் உண்டு, தண்ணீர் இல்லை. மூங்கில்காட்டில் ஓடை உண்டு, புல் இல்லை. வேலங்காட்டில் புல் உண்டு, ஒதுங்க நிழல் இல்லை. நக்குவதற்கு உப்பு மண் மட்டும் மூன்றிலுமே கிடையாது. அதற்காக எல்லா விலங்குகளும் ஏங்கின.

ஒரு கடும் கோடையில் மூன்று தலைவர்களும் கூடிப் பேசினார்கள். இலுப்பைக்காட்டுக்குக் கரடி, மூங்கில்காட்டுக்கு யானை, வேலங்காட்டுக்குக் காட்டுப்பன்றி.

"இனி வழி பொது, தண்ணீர் பொது, தீனி பொது. சட்டமும் ஒன்றே. எந்தக் காட்டுக்குள் குற்றம் நடந்தாலும் மூன்று காடும் சேர்ந்து தண்டிக்கும்" என்று முடிவு செய்தார்கள்.

நல்ல முடிவுதான். ஆனால் கூடவே ஒரு சின்ன நிபந்தனையும் போட்டார்கள். புதிதாக ஏதாவது கிடைத்தால், அது யார் எல்லைக்குள் கிடைக்கிறதோ அவருக்கே சொந்தம். இதைச் சொன்னது யார் என்று கேட்காதீர்கள். மூவரும் ஒரே மூச்சில் சொன்னார்கள்.

மூன்று காடுகளும் சந்திக்கும் இடத்தில் ஒரு பள்ளம் இருந்தது. உச்சி வெயிலிலும் அதற்குள் மூடுபனி விலகாது. பறவைகள் அதன் மேலே பறக்காமல் சுற்றிக்கொண்டு போகும். முன்பெல்லாம் காடுகளின் எல்லைகள் அந்தப் பள்ளத்தின் நடுவில்தான் முட்டிக்கொண்டிருந்தன. எல்லைக்குள் யாராவது செத்தால் அந்தக் காட்டின் தலைவர்தான் பதில் சொல்ல வேண்டும் என்பது வழக்கம். அதனால் ஆண்டுதோறும் மரத்தையும் பாறையையும் கீறி எல்லையைப் புதுப்பிக்கும்போது, ஒவ்வொருவரும் கோட்டைக் கொஞ்சம் பின்னுக்குத் தள்ளிக் கீறினார்கள். எல்லைக்காக அடித்துக்கொள்பவர்களைப் பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். இவர்கள் எல்லையைக் கைகழுவுவதற்குப் போட்டி போட்டார்கள். கடைசியில் பள்ளம் யாருக்கும் சொந்தமில்லாமல் போயிற்று.

அங்கே ஒரு கழுதைப்புலி குடிவந்தது.

அதை யாரும் முழுதாகப் பார்த்ததில்லை. குரலைத்தான் கேட்டிருக்கிறார்கள். அதற்குச் சொந்தம் என்று இருந்தது சிரிப்பும், மெல்லிய ஒரு குரலும்தான். மற்றவை எல்லாம் பள்ளத்தில் விழுந்தவர்களிடமிருந்து அது திருடிய குரல்கள். காணாமல் போன கரடிக்குட்டியின் குரலில், "அப்பா, அப்பா" என்று பனிக்குள்ளிருந்து கூப்பிடும். கரடி காதைப் பொத்திக்கொள்ளும். "அவன் எல்லைக்கு வெளியே போனவன்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொள்ளும்.

இலுப்பைக்காட்டில் செம்பி என்று ஒரு சருகுமான் இருந்தாள். முயல் அளவுதான் இருப்பாள். அவளுக்கு இருந்த ஒரே உறவு தங்கை அரும்பு. பொதுவழி திறந்துவிட்டார்களே என்று அரும்பு ஒரு மாலை மூங்கில்காட்டுக்குத் தண்ணீர் குடிக்கப் புறப்பட்டாள். பாதை பள்ளத்தின் விளிம்பை ஒட்டிப் போனது. அங்கே அவளுக்குக் கால் வழுக்கிவிட்டது.

விடிந்ததும் செம்பி தேடிக்கொண்டு வந்தாள். விளிம்பில் நின்று எட்டிப் பார்த்தாள். வெள்ளைப் பனியைத் தவிர ஒன்றும் தெரியவில்லை.

"அக்கா, அக்கா, இறங்கி வா" என்று கீழேயிருந்து அரும்பின் குரல் கேட்டது.

செம்பி ஓர் அடி பின்வாங்கினாள். அரும்பு இறந்திருந்தாலும் இதே குரல்தான் கேட்கும். ஆனால் சருகுமான்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. ஆபத்து வந்தால் பின்னங்காலால் தரையைப் படபடவென்று தட்டுவார்கள். செம்பி பாறையில் தட்டிவிட்டுக் காத்திருந்தாள். சற்று நேரம் சத்தமே இல்லை. பிறகு பனியின் அடியிலிருந்து, மிக மெதுவாக, குளம்பு கல்லில் தட்டும் ஓசை வந்தது. குரலைத் திருடலாம், குளம்பைத் திருட முடியுமா? தங்கை உயிரோடுதான் இருந்தாள்.

"கெட்டிக்காரிதான் நீ" என்றது பனிக்குள்ளிருந்து மெல்லிய குரல். "உன் தங்கை பாறை இடுக்கில் பதுங்கியிருக்கிறாள். என் தலை உள்ளே நுழையவில்லை. பரவாயில்லை, எனக்கு அவசரமும் இல்லை. தாகம் எடுத்தால் அவளே வெளியே வருவாள்."

செம்பி அழுதுகொண்டே தலைவர்களைத் தேடி ஓடினாள். மூவரும் பள்ளத்தின் மறுபக்க விளிம்பில் கூட்டம் போட்டிருந்தார்கள்.

"ஐயா, என் தங்கை பள்ளத்தில் மாட்டிக்கொண்டிருக்கிறாள். காப்பாற்றுங்கள்" என்றாள்.

"பாவம்தான். ஆனால் என் எல்லை இந்த மரத்தோடு முடிகிறதே" என்றது கரடி.

"நாங்கள் இறங்கினால் பள்ளம் எங்களுடையது என்று ஆகிவிடும். அப்புறம் அதில் செத்த அத்தனை பேருக்கும் நாங்களா பதில் சொல்வது?" என்றது காட்டுப்பன்றி.

யானை ஒரு காலை எடுத்து வைத்திருந்தால் போதும். அது தும்பிக்கையை ஆட்டிக்கொண்டு, "அடுத்த கூட்டத்தில் பேசலாம், அம்மா" என்றது.

"தலைவர்கள் சொல்வது சரிதான்" என்றது பனிக்குள்ளிருந்து அந்தக் குரல். "எந்தக் காட்டுக்குள் குற்றம் செய்தாலும் தண்டனை உண்டு. நான் எந்தக் காட்டிலும் இல்லையே." பிறகு அது சிரித்தது. தலைவர்கள் கேட்காததுபோல் வேறு பக்கம் பார்த்துக்கொண்டார்கள்.

செம்பி ஒரு புதரடியில் போய் விழுந்து அழுதாள். வெயில் ஏற ஏறக் கன்னத்துக் கண்ணீர் வெள்ளையாகக் காய்ந்தது. தற்செயலாக அதை நாக்கால் தொட்டவள் சட்டென்று அழுகையை நிறுத்தினாள்.

கரடி தனியாக இருந்தபோது போய் நின்றாள். "ஐயா, உங்களுக்கு மட்டும் சொல்கிறேன். பள்ளத்தின் நடுவில் உப்புப் பாறை இருக்கிறது. முகத்தை உரசிப் பார்த்துவிட்டு வந்தேன். சந்தேகமாக இருந்தால் என் கன்னத்தை நக்கிப் பாருங்கள்."

கரடி நக்கிப் பார்த்தது. அதன் கண்கள் விரிந்தன. "யாரிடமும் மூச்சு விடாதே" என்றது.

பன்றியிடமும் அதையே சொல்லி மறு கன்னத்தைக் காட்டினாள். அதுவும், "யாரிடமும் மூச்சு விடாதே" என்றது. யானையிடம் போவதற்குள் கன்னத்தில் ஒன்றும் மிச்சமில்லை. அரும்பை நினைத்துக்கொண்டாள். கண்ணீர் தானாகவே வந்தது. யானை தும்பிக்கை நுனியால் தொட்டுச் சுவைத்துவிட்டு, நேராகப் பள்ளத்தின் பக்கம் நடந்தது.

அன்று பிற்பகல் மூன்று தலைவர்களும், ஒருவருக்கு ஒருவர் தெரியாமல், எல்லையைக் கீறிக்கொண்டே பள்ளத்துக்குள் இறங்கினார்கள். ஒரு பக்கம் கரடியின் நகம், ஒரு பக்கம் பன்றியின் கோரைப்பல், இன்னொரு பக்கம் யானையின் தந்தம். பனிக்குள் ஒருவரும் கண்ணுக்குத் தெரியவில்லை. பாறையைக் கீறும் சத்தம் மட்டும் மூன்று திசையிலும் நெருங்கி வந்தது.

கழுதைப்புலி முதல்முறையாகக் காதை நிமிர்த்தியது. மேற்கே ஓடி, "இது உங்கள் எல்லை இல்லையே" என்றது.

"இப்போது என் எல்லைதான்" என்று உறுமியது பன்றி.

கிழக்கே ஓடியது. "என் எல்லை" என்றது யானை. யாருக்கும் சொந்தமில்லாத இடம் நொடிக்கு நொடி சுருங்கியது. கடைசியில் அதற்கு நான்கு காலை ஊன்றும் அளவுக்குத்தான் மண் மிஞ்சியது.

அது தான் தின்றவர்களின் குரல்களில் ஒவ்வொன்றாகக் கதறத் தொடங்கியது. முயலின் குரல், மயிலின் குரல், குரங்கின் குரல். எல்லாவற்றுக்கும் கடைசியாக, "அப்பா, அப்பா."

இந்த முறை கரடி காதைப் பொத்திக்கொள்ளவில்லை. குரல் வந்த இடத்துக்கே நேராக நடந்தது. பனிக்குள் ஒரு சிரிப்பு எழுந்து பாதியில் நின்றது.

செம்பி தட்டுத்தடுமாறி இறங்கி வந்து காலால் தட்டினாள். பாறை இடுக்கிலிருந்து அரும்பு தள்ளாடிக்கொண்டு வெளியே வந்து அக்காவின் மேல் சாய்ந்தாள்.

"உப்பு எங்கே?" என்று கேட்டது பன்றி.

"உப்பு இல்லை, ஐயா. நீங்கள் நக்கியது என் கண்ணீர்" என்றாள் செம்பி.

பன்றி கோபத்தோடு முட்டத் தலையைத் தாழ்த்தியது. அதற்குள் காலடியில் ஏதோ நொறுங்கியது. மூவரும் குனிந்து பார்த்தார்கள். பள்ளம் முழுக்க எலும்புகள். மூன்று காட்டு எலும்புகளும் ஒன்றாகக் கலந்து கிடந்தன. எது எந்தக் காட்டுடையது என்று யாராலும் பிரிக்க முடியவில்லை.

யானை தும்பிக்கையால் பாறையைத் தடவிப் பார்த்தது. "நாம் கீறிய கோடுகள் ஒன்றின் மேல் ஒன்றாக விழுந்திருக்கின்றன. அப்படியே இருக்கட்டும். இனி இந்தப் பள்ளம் மூன்று பேருக்கும் சொந்தம். இங்கே நடப்பதற்கு மூன்று பேரும் பதில் சொல்லுவோம்" என்றது.

கரடிக்கு அது காதில் விழவில்லை. அது ஒரு சின்ன மண்டையோட்டை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. கண்ணிலிருந்து மூக்கின் மேல் வழிந்ததை நாக்கால் துடைத்தது. உப்புக் கரித்தது.

நீதி: ஒன்றாக வாழ ஒப்புக்கொண்டவர்கள் லாபத்தை மட்டுமல்ல, நடுவில் கிடக்கும் ஆபத்தையும் தங்களுடையதாக ஏற்க வேண்டும்.