பேச்சியம்மாள் வாசித்த கபடிச் செய்தி

செல்போன் எட்டிப் பார்க்காத காலம். அந்த ஊர்க் கிளை நூலகத்துக்கு மதுரைப் பேப்பர் பத்தரை மணி பஸ்ஸில்தான் வரும்.

பஸ் ஸ்டாண்டைக் கூட்டி முடித்துக் கை கால் கழுவிக்கொண்டு தினமும் அங்கே வருவாள் பேச்சியம்மாள். வயது ஐம்பத்திரண்டு. நூலகர் ஷமீமாவுக்கு இருபத்தாறு. எட்டு மாதமாக அவளிடம்தான் பேச்சியம்மாள் எழுத்துப் படிக்கிறாள்.

அன்று வந்ததும் கேட்டாள். "டீச்சர், எனக்குப் படிக்கத் தெரியும்னு எப்போ வெளியில சொல்லிக்கலாம்?"

ஷமீமா வாய் திறப்பதற்குள் வெளியே பஸ் ஹாரன் கேட்டது.

நூலகத்தில் நிற்க இடமில்லை. முந்தின நாள் மாநிலக் கபடி இறுதி ஆட்டம். ஊர் அணி ஆடியிருந்தது. முன் பெஞ்சில் பார்வையில்லாத சூசைமாணிக்கம். அவர் மகன் அந்தோணி அந்த அணியில் இருந்தான். அவருக்குத் தினமும் பேப்பர் வாசித்துக் காட்டுவது ஷமீமாதான்.

அவள் பேப்பரைப் பிரித்துப் பார்த்தாள். தலைப்பை உள்பக்கமாக மடித்துப் பேச்சியம்மாளிடம் நீட்டினாள்.

"இங்கேருந்து படிங்கக்கா."

"நானா? இத்தனை பேர் முன்னாடியா?"

"அவர் காத்துட்டிருக்கார்."

பேச்சியம்மாள் பேப்பரை வாங்கினாள். எழுத்தின் மேல் விரலை வைத்தாள். "இடை...வேளை வரை... நமது அணி... ஐந்து புள்ளி... பின்..."

"பின்?" சூசைமாணிக்கம் பெஞ்சின் நுனிக்கு வந்துவிட்டார்.

"பின்தங்கி... இருந்தது."

கூட்டம் உச்சுக்கொட்டியது. சலூன் கந்தையா கையை நீட்டினார். "கொண்டாங்க, நான் சட்டுனு சொல்லிடுறேன்."

"தொடாதீங்க," என்றார் சூசைமாணிக்கம். "அவங்க சொல்லட்டும்."

ஒவ்வொரு புள்ளியாக ஏறியது. இரண்டு பக்கமும் சமமானபோது பாதிப் பேர் பெஞ்சின் மேல் நின்றார்கள்.

"கடைசியாக... அந்தோணி... பாடிச் சென்றார். மூவர்... அவரை... மடக்..."

"மடக்கிட்டானுங்களா?"

"மடக்கியும்... கோட்டை..." அவளுக்கே மூச்சு வாங்கியது. "கோட்டைத்... தொட்டுவிட்டார்."

கூரை அதிர்ந்தது. சூசைமாணிக்கத்தைத் தோளில் தூக்கினார்கள். அங்கிருந்தே கையை நீட்டித் துழாவி, பேச்சியம்மாளின் விரலைத் தேடிப் பிடித்துக்கொண்டார்.

எல்லோரும் போன பிறகு, கவிழ்ந்த பெஞ்சை இருவரும் நிமிர்த்தினார்கள்.

"ரொம்ப இழுத்துட்டேன் டீச்சர். நீங்க படிச்சிருந்தா ஒரு நிமிஷத்துல முடிஞ்சிருக்கும்."

"ஆமாக்கா," என்றாள் ஷமீமா. "ஒரு நிமிஷத்துல முடிஞ்சு போயிருக்கும்."