வெள்ளாத்தாள் போட்ட சாம்பிராணி

அந்தக் காலத்தில் வானம் இவ்வளவு தூரம் தள்ளிப் போயிருக்கவில்லை. பனைமரத்து உச்சியில் ஏறி ஒரு தாவு தாவினால் விண்மீன்களின் வீட்டு வாசலில் போய் நிற்கலாம். காட்டில் இருந்த பறவைகளும் விலங்குகளும் வேலை இல்லாத நேரத்தில் அங்கே போய் ஊர்க்கதை பேசும். பிறகு ஏன் வானம் இத்தனை உயரம் போனது என்று கேட்டால், இப்படி வந்து போனவர்களின் தொல்லை தாங்காமல்தான் என்று நான் சொல்வேன்.

அங்கே வெள்ளாத்தாள் என்று ஒரு விண்மீன் இருந்தாள். பிரசவத்துக்காகத் தன் மூன்று அண்ணன்மார் வீட்டுக்கு வந்திருந்தாள். மூவரும் தங்கமானவர்கள். ஒரே ஒரு குறை, வாசலுக்கு வந்தவர்களை ‘இப்போது வேண்டாம், அப்புறம் வாருங்கள்’ என்று சொல்ல மூவருக்குமே வாய் வராது. வரிசையாக நின்றுகொண்டு, “வாங்க, வாங்க” என்பார்கள்.

வெள்ளாத்தாளுக்கு ஒன்றிரண்டு இல்லை, ஒரு தூளி நிறையப் பிள்ளைகள் பிறந்தன. எத்தனை என்று அவள் யாரிடமும் சொல்லவில்லை. பச்சைப் பிள்ளைகளை எண்ணக் கூடாது என்பது எல்லாருக்கும் தெரிந்ததுதானே. எல்லாருக்கும் தெரியும், எவருக்கும் ஞாபகம் இருக்காது.

முதலில் அணில் வந்தது. “ஏன் வெள்ளாத்தா, இந்தக் கடைக்குட்டி மட்டும் கொஞ்சம் சிவந்தாப்பல இருக்கு?” என்றது. அடுத்து வந்த தவளை, பிள்ளைகளுக்குத் தினமும் தலைக்குத் தண்ணீர் ஊற்றச் சொன்னது. அதன் பின்னாலேயே வந்த கிளி, ஊற்றவே கூடாது என்று அடித்துச் சொன்னது. யானையும் வந்தது. பனைமரத்தில் யானை எப்படி ஏறியது என்று என்னைக் கேட்காதீர்கள், பிள்ளை பார்க்க வருகிறவர்கள் எப்படியாவது வந்துவிடுவார்கள். அது தும்பிக்கையால் தூளியை ஓர் ஆட்டு ஆட்டியதில், அப்போதுதான் கண்ணயர்ந்த அத்தனையும் விழித்துக்கொண்டு அழுதன. பச்சை உடம்புக்காரி ஒரு வாய்க் கஞ்சி குடிக்க உட்கார்ந்தவள் எழுந்து ஓடினாள்.

வந்தவர்களில் காக்கை ஒன்றுதான் முறையாக நடந்துகொண்டது. தள்ளி உட்கார்ந்து, தலையைச் சாய்த்து, தூளியை ஓரக்கண்ணால் ஒரு பார்வை பார்த்தது. “நல்லா இருக்கட்டும்” என்றது. பிறகு, “நீ சாப்பிட்டியா வெள்ளாத்தா?” என்று கேட்டது. அதுவரை யாரும் அவளை அப்படிக் கேட்டிருக்கவில்லை. அவளுக்கு அழுகையே வந்துவிட்டது.

இதற்கெல்லாம் மேலே ஆந்தை வந்தது. காட்டிலேயே பெரிய மனுஷன் என்று பெயர் அதற்கு. தூளிக்கு நேர் எதிரே போய் உட்கார்ந்தது. இமை கொட்டவில்லை. “ஒண்ணு, ரெண்டு, மூணு…” என்று உரக்க எண்ண ஆரம்பித்தது.

“ஆந்தையண்ணே, எண்ணாதீங்க” என்றாள் வெள்ளாத்தாள்.

“சும்மா தெரிஞ்சுக்கத்தாம்மா. நீ குறுக்கே பேசினதுல விட்டுப்போச்சு பாரு. ஒண்ணு, ரெண்டு…”

மறுநாளும் வந்தது. அதற்கு மறுநாளும் வந்தது. வெள்ளாத்தாள் எல்லாப் பிள்ளைகளின் கன்னத்திலும் மைப் பொட்டு வைத்துப் பார்த்தாள். “இந்தப் பொட்டு எண்ணுறதுக்குத் தோதா இருக்கு” என்றது ஆந்தை!

மூன்றாம் நாள் கடைக்குட்டி பால் குடிக்கவில்லை. எண்ணெய் வற்றிய திரியைப் போல அதன் ஒளி மங்கிக்கொண்டே வந்தது. வெள்ளாத்தாள் உப்பும் மிளகாயும் எடுத்துச் சுற்றி நெருப்பில் போட்டாள். மிளகாய் அத்தனையும் கருகியும் ஒரு துளி நெடி வரவில்லை. யார் கண் பட்டது என்று அவளுக்கு யாரும் சொல்லவேண்டியிருக்கவில்லை.

“அண்ணா, நாளைக்கு அந்த ஆந்தையை உள்ளே விடாதீங்க. என் பிள்ளை போயிரும்” என்று கெஞ்சினாள்.

மூன்று அண்ணன்மாரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். “பெரிய மனுஷன், வீடு தேடி வர்றாரு. வராதீங்கன்னு எப்படிம்மா சொல்றது?” என்றார் மூத்தவர். மற்ற இருவரும் தலையாட்டினார்கள்.

மறுநாள் பொழுது சாயும் நேரம். பிள்ளைகளைக் குளிப்பாட்டித் தூளியில் போட்டுவிட்டு, தூபக்காலில் கங்கு எடுத்து, அவள் ஒரு சிட்டிகை சாம்பிராணி போடப் போனாள். வாசலில் “வாங்க, வாங்க” என்று சத்தம் கேட்டது.

“நேத்து எண்ணினதுல கடைசி ஒண்ணு சந்தேகமா இருக்கும்மா. அது மங்கலா இருக்கிறதால சரியாத் தெரியல” என்றபடி ஆந்தை தூளிக்குள் தலையை நீட்டியது.

வெள்ளாத்தாளுக்கு எங்கிருந்துதான் அவ்வளவு ஆத்திரம் வந்ததோ. டப்பாவில் இருந்த சாம்பிராணி முழுவதையும் கங்கில் கொட்டிவிட்டாள். வீடே தெரியாத அளவுக்குப் புகை எழுந்து தூளியைச் சூழ்ந்துகொண்டது.

“புகையே, இங்கேயே நில்லு, கலையாதே!” என்று கத்தினாள். “முறைச்சுப் பார்க்கிறவங்க கண்ணுக்கு என் பிள்ளைகளைக் காட்டாதே. காக்கா மாதிரி ஓரக்கண்ணால பார்த்து, நல்லா இருக்கட்டும்னு சொல்லிட்டுப் போறவங்களுக்கு மட்டும் காட்டு!”

ஆந்தை கண்ணை உருட்டி உருட்டி முறைத்தது. ஒன்றும் தெரியவில்லை. கோபித்துக்கொண்டு முகத்தைத் திருப்பியபோது, ஓரத்தில் பிள்ளைகள் மினுக்கென்று தெரிந்தன. சட்டென்று திரும்பினால் வெறும் இருட்டு. “ஒண்ணு…” என்று ஆரம்பித்து ஆரம்பித்துக் கழுத்து வலித்ததுதான் மிச்சம். கடைசியில் இருமிக்கொண்டே கீழே இறங்கிப் போனது.

புகைக்குள் யாரும் பார்க்காத இடத்தில் கடைக்குட்டி ஒரு முறை சிணுங்கியது. பிறகு வீல் என்று அழுதது. வெள்ளாத்தாள் அதை வாரி எடுத்து மடியில் போட்டுக்கொண்டாள். அது பால் குடித்தது.

அந்த மூன்று அண்ணன்மாரும் தை மாதத்து வானத்தில் இன்னும் வரிசையாகத்தான் நிற்கிறார்கள். அவர்களுக்குச் சற்றுத் தெற்கே ஒரு சிறு புகைத்திட்டு தெரியும். அன்று முதல்தான் அது, முறைத்துப் பார்த்தால் மங்கிவிடுகிறது, பக்கத்தில் எதையோ பார்ப்பதுபோல் பார்த்தால் துலங்குகிறது. நீங்களும் அப்படியே பார்த்துவிட்டு, எண்ணாமல், அவள் சாப்பிட்டாளா என்று மட்டும் ஒரு வார்த்தை கேளுங்கள்.