பெட்டியில் வந்த வெள்ளைத்தாள்கள்

மெய்யம்மையின் ஆசிரமத்தில் ஒரு பெட்டி இருந்தது. முறுக்கு டப்பா அளவுதான் இருக்கும். அதில் தாளை வைத்து மூடினால் தாள் இங்கே தங்காது, பக்கத்து உலகம் ஒன்றுக்குப் போய்விடும். அங்கேயும் இதே ஆசிரமம், இதே பெட்டி, அதன்முன் உட்கார்ந்திருக்கும் இதே ஆள். நம் தாளை அவர் பத்திரப்படுத்துவார். அவருடைய தாள் நம்மிடம் வந்து சேரும்.

எத்தனை உலகங்கள் என்று யாரும் எண்ணி முடித்ததில்லை. நாளுக்கு ஒரு தாள் வைக்கலாம், ஒவ்வொரு நாளும் அது வேறொரு உலகத்துக்குப் போகும். வைத்தால்தான் ஒன்று வரும். விதி அவ்வளவுதான்.

ஆவுடையப்பன் அறுபத்து நான்கு வயதில் அங்கே சீடராகச் சேர்ந்தார். குருவான மெய்யம்மையைவிட இருபத்தைந்து வயது மூத்தவர். குரு அவரை ஐயா என்பார், அவர் குருவை அம்மா என்பார். இருவருக்கும் இதில் சங்கடம் இல்லை. பார்க்க வருகிறவர்கள்தான் நெளிவார்கள்.

பன்னிரண்டாம் நாள் காலையில் அவர் பெட்டியைக் கையோடு தூக்கிக்கொண்டு வந்தார். மெய்யம்மை கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

"இது ரிப்பேர்ம்மா."

"என்ன ஆச்சு ஐயா?"

"பன்னெண்டு நாளா வெறும் வெள்ளைத்தாளா வருது. ஒரு எழுத்து கிடையாது."

"என்ன வரும்னு நினைச்சீங்க?"

ஆவுடையப்பன் பெட்டியைக் கீழே வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தார்.

"எனக்கு ஒரே பையன். கோமதிநாயகம்னு பேரு. ரிஜிஸ்டர் கல்யாணம் பண்ணிக்கிட்டு பொண்ணோட வந்து நின்னான். இந்த வாசப்படிய மிதிக்காதேன்னு சொல்லிட்டேன். மிதிக்கல. அப்படியே திரும்பி சூரத் போயிட்டான். ஒன்பது வருஷம் ஆச்சு."

"ம்."

"அந்த வார்த்தைய சொல்லாத ஆவுடையப்பன் ஏதோ ஒரு உலகத்துல இருப்பான்லா? பையன் அவன்கூடத்தான் இருக்கானா, பேரப்பிள்ளை உண்டான்னு அவன்கிட்ட கேக்கணும். வர்ற வாரம் புதன்கிழமை எனக்கு நெஞ்சுல ஆபரேஷன். அதுக்குள்ள தெரிஞ்சாகணும். பயமா இருக்கும்மா."

மெய்யம்மை கீரையை ஒதுக்கி வைத்தார்.

"கேட்டீங்களா?"

"எங்க கேக்க? அவன்கிட்ட இருந்துதான் ஒண்ணும் வரலையே."

"நீங்க வெச்ச தாள்ல என்ன எழுதினீங்க?"

"ஒண்ணும் எழுதல. வைக்கணும்னு விதி இருக்கு. வெச்சேன்."

"ஏன் எழுதல?"

இப்படியும் ஒரு கேள்வியா என்பதுபோல் ஆவுடையப்பன் நிமிர்ந்தார்.

"முப்பத்தாறு வருஷம் தாலுகா ஆபீஸ்ல தபால் பிரிவும்மா. வந்த கடிதத்துக்குத்தான் பதில். வராத கடிதத்துக்கு நாமளா எழுதுற வழக்கம் கிடையாது. அவன்கிட்ட இருந்து ஒண்ணு வரட்டும், அன்னைக்கே பதில் போட்டிருவேன். என் மேஜையில ஒரு தபால் மறுநாளைக்கு நின்னதில்ல."

இதைச் சொல்லும்போது மட்டும் அவர் முதுகு நேரானது. சர்வீஸில் வாங்கிய நல்ல பெயர் லேசில் போய்விடாது.

மெய்யம்மை கையைத் துடைத்துக்கொண்டார். வந்த தாள்களைக் கேட்டு வாங்கி வரிசையாகப் பரப்பினார். பன்னிரண்டும் வெறுமையாகத்தான் இருந்தன. ஆனால் ஒவ்வொன்றிலும் இடது ஓரம் நேராக மடித்து மார்ஜின் விட்டிருந்தது. மேல் மூலையில் ஃபைல் டேக் கோர்க்க ஓட்டையும் போட்டிருந்தது.

"இது யார் பழக்கம்?"

"ஆபீஸ் பழக்கம்தான். நானும் இப்படித்தான் மடிச்சு வெப்பேன்."

"அங்க இருக்கிறவர் எங்க வேலை பார்த்தாராம்?"

"அவனும் நாந்தானம்மா. தபால் பிரிவாத்தான் இருக்கும்."

"அதுக்கு அடுத்த உலகத்துல?"

"அவனும் தபால்..."

ஆவுடையப்பன் நிறுத்திக்கொண்டார். தாள்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார். பன்னிரண்டு பேரும் முதலில் அடுத்தவன் எழுதட்டும் என்று பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள் என்பது அவருக்கு மெல்லத்தான் உறைத்தது. சிரிப்பு வந்தது. சிரிக்கவும் முடியவில்லை.

"கோமதிநாயகம் உங்களுக்குக் கடிதம் போட்டாரா?" என்று மெய்யம்மை கேட்டார்.

"போடல. இந்த ஒன்பது வருஷத்துல ஒண்ணுகூட இல்ல."

"நீங்க?"

ஆவுடையப்பன் மேல்துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"விலாசம் இருக்கா?"

"இருக்கு. வீட்டுக்காரி சாகுறதுக்கு முன்னால எழுதி என் சட்டைப்பையில வெச்சா. எடுத்துப் பார்க்கல."

பிறகு அவர் பெட்டியைத் தன் பக்கமாக இழுத்து மூடியைத் திறந்தார்.

"சரிம்மா. இன்னைக்கு நானே முதல்ல எழுதுதேன். ஒரு தாள் குடுங்க."

மெய்யம்மை பெட்டியை வாங்கி மூடி, அலமாரியில் வைத்துவிட்டு ஓர் இன்லேண்ட் லெட்டரை எடுத்து வந்தார்.

"இதுல எழுதுங்க ஐயா. இது வேற உலகத்துக்கெல்லாம் போகாது. சூரத் வரைக்கும்தான் போகும்."